பிரகாசி முடிவு பார்க்காத படம்

ஜன்னலோரம் நீயே இரு, நான் கேட்க மாட்டேன். அந்தக் கண்ணாடியை மட்டும் இரண்டு விரல் அளவு தள்ளிவிடு. பைபாஸில் ஏறிவிட்டால் காற்று வரும். இந்தப் பை என் மடியிலேயே இருக்கட்டும். கண்டக்டர் சொல்லியே மேலே வைக்கவில்லை, நீ சொல்லியா வைக்கப் போகிறேன்.

தூத்துக்குடிக்கா? நானும் அங்கேதான். மூன்று மணி நேரம். காதில் சொருகியிருப்பதை எடு என்று நான் சொல்ல மாட்டேன். எடுத்தால் நல்லது.

பஸ்ஸில் பக்கத்து சீட்டுக்காரியிடம் குடும்பக் கதையைக் கொட்டுகிற பொம்பளைகளைக் கண்டாலே எனக்கு ஆகாது. நான் கான்வென்டில் படித்தவள். கேட்டால் மட்டும் வாயைத் திற என்று பிரம்பை வைத்துப் பழக்கினார்கள். ஆனால் நீ கேட்டாய் அல்லவா, 'என்ன ஆன்ட்டி, விசேஷத்துக்கா' என்று? கேட்டுவிட்டாய். இனிமேல் உன் பாடு.

விசேஷம்தான். எங்கள் பள்ளிக்கூடத்துப் பழைய மாணவிகள் இன்றைக்குக் கூடுகிறார்கள், முப்பத்தாறு வருஷம் கழித்து. மெர்லின் என்று ஒருத்தி, படிக்கிற காலத்தில் கணக்கில் முட்டை வாங்கினவள், இப்போது அவள்தான் எல்லாவற்றுக்கும் தலைவி. வாட்ஸப்பில் குரூப் ஆரம்பித்து, காலை ஐந்து மணிக்கே ரோஜாப்பூ அனுப்புகிறாள். அவளுக்குப் பள்ளிக்கூட ஸ்டோர் ரூமில் ஒரு தகர டப்பா கிடைத்திருக்கிறது. உள்ளே படச்சுருள். எங்கள் காலத்தில் போட்ட ஊமைப் படம், சிரிப்புப் படம். அதை அவள் மகன் சென்னைக்கு எடுத்துக்கொண்டுபோய் கம்ப்யூட்டரில் ஏற்றிக்கொண்டு வந்துவிட்டானாம். இன்றைக்கு நாலு மணிக்கு அதே ஹாலில் போடுகிறார்கள். நான் வாசிக்க வேண்டுமாம்.

ஊமைப் படத்தில் என்ன வாசிப்பு என்று பார்க்கிறாய். சொல்கிறேன். படத்தில் ஒரு சத்தமும் வராது. ஓடுவார்கள், விழுவார்கள், வாயை அசைப்பார்கள். நடுநடுவே கறுப்புத் திரையில் வெள்ளை எழுத்து வரும், யார் என்ன சொன்னார்கள் என்று. கார்டு என்போம். எல்லாம் இங்கிலீஷ். எங்கள் ஹாஸ்டலில் பாதிப் பிள்ளைகள் தமிழ் மீடியம். சமையல்கட்டு அக்காமார், தோட்டக்காரர், கடற்கரை ஊர்களிலிருந்து வருகிற அப்பா அம்மாமார், இவர்களுக்கெல்லாம் எப்படிப் புரியும்? அதனால் எங்கள் கான்வென்டில் ஒரு வழக்கம். கார்டு வந்ததும் ஒரு மாணவி மைக்கில் தமிழில் வாசிக்க வேண்டும். வருஷத்துக்கு ஒரு படம், மடத்துத் தலைவி மதருடைய பெயர்த் திருநாளில். வருஷத்துக்கு ஒருத்தி. அந்த வருஷம் நான். இங்கிலீஷும் தமிழும் என் அளவுக்கு வேறு யாருக்கும் வராது. பெருமைக்குச் சொல்லவில்லை, சிஸ்டர் கொன்சாகா சொன்னது.

குரூப்பில் மெர்லின் எழுதுகிறாள்: 'ஹில்டா, அன்றைக்கு வாசித்த மாதிரியே வாசி, வயிறு வலிக்கச் சிரித்தோமே!' அதற்குக் கீழே நாற்பத்தேழு பேர் சிரிப்புப் பொம்மை போட்டிருக்கிறார்கள். இவர்களுக்கு ஞாபகம் இருப்பது சிரித்தது மட்டும்தான். நாற்பத்தேழில் ஒரு பொம்மை பிரகாசி போட்டது. அதைப் பார்த்த நாளிலிருந்து எனக்குத் தூக்கம் சரியில்லை.

பிரகாசி யாரா? பொறு. டிக்கெட்டை வாங்கிக்கொள்கிறேன்.

ப்ளஸ் டூவில் எனக்குப் பக்கத்தில் உட்கார்ந்தவள். பெரியதாழைப் பிள்ளை. அப்பாவுக்கு ஒரு மீன்பிடி வள்ளம் இருந்தது. வீட்டில் ஐந்து பெண்கள், இவள்தான் மூத்தவள், முதன்முதல் பள்ளிக்கூடம் தாண்டப் போகிறவள். நர்ஸ் ஆக வேண்டும் என்பாள். காய்ச்சல்காரப் பிள்ளைகளுக்குக் கஞ்சி கொண்டுபோய்க் கொடுப்பாள், வாந்தி எடுத்தால் முகம் சுளிக்காமல் அள்ளுவாள். படிப்பில் சுமார். எழுத்தில் சுமாருக்கும் கீழே. 'நான் நலம், நீங்கள் நலமா' என்பதற்கு மேல் ஒரு வரி வராது. ஆனால் பார்க்க... சரி, பார்க்க நன்றாக இருப்பாள். கடல் வெயிலில் கறுத்த நிறம், சிரித்தால் கன்னம் இரண்டும் குழியும். நான் அப்போது கண்ணாடி போட்டிருந்தேன்.

கோயில் ஒலிபெருக்கியைப் பார்க்க ஒரு பையன் வருவான். தனிஸ்லாஸ். அவனுடைய பெரியப்பா மைக்செட் கடை வைத்திருந்தார். மாதத்துக்கு மூன்று வாட்டி வருவான். ஆம்பிளையாள் ஏணியில் ஏறினால் கீழே பிடிக்க ஒரு ஆள் வேண்டும் அல்லவா, தோட்டக்காரர் இல்லாத ஒரு நாள் பிரகாசியைப் பிடிக்கச் சொல்லிவிட்டார்கள். அவ்வளவுதான். ஏணியைப் பிடித்தவள் விடவே இல்லை.

'ஏட்டி ஹில்டா, அவரு என்னைப் பாத்துச் சிரிச்சாருட்டி. ஏதாவது எழுதிக் குடேன்.'

எழுதிக் கொடுத்தேன். தோழி கேட்டாள், செய்தேன். எப்படிச் சேர்ப்பது என்பதற்கும் நான்தான் வழி சொன்னேன். எங்கள் கோயிலில் மாதா சுரூபத்தின் காலடியில் ஒரு மரப்பெட்டி. மன்றாட்டுப் பெட்டி. பிள்ளைகள் தங்கள் வேண்டுதலைத் துண்டுச் சீட்டில் எழுதி அதில் போடுவார்கள். பரீட்சையில் ஜெயிக்க வேண்டும், அம்மாவுக்கு உடம்பு தேற வேண்டும், இப்படி. மாதத்தின் முதல் சனிக்கிழமை, ஒன்றையும் பிரிக்காமல் தோட்டத்து மாதா குகை, கெபி என்போம், அதன் முன்னால் கொட்டிக் கொளுத்துவார்கள். பெட்டிக்குப் பூட்டு கிடையாது. அடுத்தவர் மன்றாட்டை யார் பிரிப்பார்கள்? பாவம் அல்லவா. அந்தப் பெட்டிக்குப் பக்கத்தில்தான் ஒலிபெருக்கியின் வயர் போகிறது. பீடத்துக்குப் பூ வைக்கிற பொறுப்பு என்னுடையது. காலை ஐந்தரைக்குக் கோயிலில் நான் ஒருத்திதான் இருப்பேன். முக்கோணமாக மடித்த சீட்டு என்றால் எங்களுடையது. நான் போடுவேன், அவன் எடுப்பான். அவன் போடுவான், நான் எடுப்பேன்.

எப்படி என் மூளை? பதினேழு வயதில்.

ஆறு மாதம். பதினெட்டுக் கடிதம். எண்ணினேனா என்றா கேட்கிறாய்? எழுதியவளுக்கு எண்ணிக்கை தெரியாதா. ஒன்றில் இப்படி எழுதினேன்: 'உப்பளப் பாத்தியில் வெயில் ஏற ஏற உப்புப் பூப்பது போல, நீங்கள் வராத நாளெல்லாம் எனக்குள் நீங்கள் பூக்கிறீர்கள்.' பதினேழு வயதுப் பிள்ளைக்கு இது மோசமில்லை. பிரகாசியிடம் வாசித்துக் காட்டினேன். 'உப்பு எதுக்குட்டி? கரிக்குமே' என்றாள். இவளுக்காக எழுதினேன்!

போன் அடிக்கிறது, இரு. இவர்தான். என்னங்க. ரசம் அடுப்புக்குப் பக்கத்தில், மூடி போட்ட பாத்திரத்தில். ஆமாம், அதேதான். மூடியைத் திறந்தால்தான் தெரியும். வைக்கிறேன்.

இருபத்தொன்பது வருஷமாக ஒரே ரசம், ஒரே பாத்திரம்.

எங்கே விட்டேன்? அந்தப் படம். திருநாளுக்கு ஒரு வாரம் முன்னால் டப்பா வந்தது. கார்டு எப்போது வருகிறது, எத்தனை விநாடி நிற்கிறது என்று நான் பழக வேண்டும் அல்லவா, அதனால் மூன்று நாள் சாயங்காலம் எனக்கு மட்டும் போட்டுக் காட்டினார்கள். சிஸ்டர் கொன்சாகா ஓரத்தில் ஜெபமாலை உருட்டுவார். நான் புரொஜெக்டருக்குப் பக்கத்தில் ஸ்டூல் போட்டு, நோட்டும் டார்ச்சுமாக. புரொஜெக்டரை ஓட்டியது யார் என்று நினைக்கிறாய்? மைக்செட் கடைப் பையன்தான்.

படம் இருபது நிமிஷம். ஒரு ரொட்டிக்கடைக்காரன், பெரிய மீசை, கக்கத்தில் எப்போதும் ஒரு குடை. அவனுக்கு ஒரு மகள். மகளைக் கண்ணில் விளக்கெண்ணெய் விட்டுக்கொண்டு காவல் காக்கிறான். ஒரு பையன் அவளைக் கட்ட நினைக்கிறான். ரொட்டிக்குள் கடிதம் வைத்து அனுப்புகிறார்கள். எனக்குத் தூக்கிவாரிப்போட்டது, எங்கள் பெட்டியைப் பார்த்துவிட்டு எடுத்த மாதிரி. பிறகு ஒரு தோழன் ஏணி தூக்கி வருகிறான், திரும்பும்போதெல்லாம் போலீஸ்காரன் மண்டையில் இடிக்கிறான். பையன் பாவாடை கட்டி வேலைக்காரியாக வேஷம் போட்டு உள்ளே நுழைகிறான். அப்பன்காரன் அந்த வேலைக்காரியைப் பார்த்து மீசையை முறுக்குகிறான். சிரிக்கிறாயே. சிரி, சிரி. நன்றாகத்தான் இருக்கும்.

மூன்றாம் நாள், சிஸ்டர் கண்ணயர்ந்த நேரம், தனிஸ்லாஸ் சுருளைச் சுற்றிக்கொண்டே என்னிடம் மெதுவாகக் கேட்டான். 'நீங்க பிரகாசிக்குச் சிநேகிதிதானே? அது எழுதுறதை நீங்க வாசிச்சிருக்கீங்களா?'

'இல்லையே,' என்றேன்.

'அந்த உப்பு வரியை நான் நூறு தடவை வாசிச்சிருக்கேன். அவ்வளவு அறிவுள்ள பிள்ளை. எனக்கு அந்தளவுக்கு எழுதத் தெரியாது.'

அவனுக்கு நிஜமாகவே எழுதத் தெரியாது. ஒற்றெழுத்தெல்லாம் தாறுமாறாக இருக்கும்.

அன்றைக்கு ஹாஸ்டலுக்கு வந்து பிரகாசியிடம் சொன்னேன். நியாயம் கேட்டேன், வேறொன்றும் இல்லை. 'எழுதினது நான் என்று அவரிடம் ஒரு வார்த்தை சொல்லிவிடேன். பொய்யில் ஆரம்பிக்கக் கூடாது அல்லவா.' துணி மடித்துக்கொண்டிருந்தவள் சிரித்தாள். 'ஏட்டி, சோறு ருசியா இருக்குன்னா சமையக்காரியையா கட்டுவாங்க?'

விளையாட்டாகத்தான் சொன்னாள். மனதில் வைத்துச் சொல்கிற பெண் இல்லை அவள். எனக்கு அன்றைக்கு ராத்திரிச் சாப்பாடு இறங்கவில்லை. அவ்வளவுதான்.

என்ன கேட்டாய்? நான் அவனை லவ் பண்ணினேனா? சீ. கேட்கிற கேள்வியைப் பார். இந்தக் காலத்துப் பிள்ளைகளுக்கு உலகத்தில் அது ஒன்றுதான் இருக்கிறது. உன் போனில் சிவப்பு இதயமாக வந்து விழுகிறதே, நான் ஏதாவது கேட்டேனா? அவனை நான் ஏறிட்டுக்கூடப் பார்த்ததில்லை. நீலத்தில் வெள்ளைக் கட்டம் போட்ட சட்டை, அதையேதான் துவைத்துத் துவைத்துப் போடுவான், காலர் பிரிந்திருக்கும். இடது பையில் ஸ்க்ரூடிரைவர். வலது கை கட்டைவிரல் நகத்தில் ஒரு கறுப்பு, சுத்தியல் பட்டது. சுருளைக் கோக்கும்போது நாக்கை லேசாகக் கடித்துக்கொள்வான். இவனையா? மைக்செட் தூக்குகிறவனையா? எங்கள் அப்பா மணியாச்சியில் ஸ்டேஷன் மாஸ்டர்.

அருப்புக்கோட்டை. டீ குடிக்கிறாயா? இறங்காதே, ஜன்னல் வழியாகவே தருவான். எனக்கு வேண்டாம்.

திருநாள் ஒரு வெள்ளிக்கிழமை, நவம்பர் மாதம். காலையில் பூசை, மத்தியானம் பிரியாணி, மூன்று மணிக்குப் படம். ஹால் ஜன்னலுக்கெல்லாம் கறுப்புத் துணி. பெற்றோர்கள் எல்லாரும் வந்திருந்தார்கள். பிரகாசியின் அப்பா இரண்டாம் வரிசையில், வெள்ளை வேட்டி, கக்கத்தில் குடை. ஆமாம், அதேதான். மழையோ வெயிலோ, அந்த மனிதர் குடையைக் கக்கத்தைவிட்டு எடுக்க மாட்டார். விரித்தும் யாரும் பார்த்ததில்லை.

விளக்கை அணைத்தார்கள். திரையில் ரொட்டிக்கடைக்காரன் வந்தான், கக்கத்துக் குடையோடு. ஹாலில் ஒரு முனகல் ஓடியது. கார்டு வந்தது. 'மகளின் தந்தை, கண்டிப்பானவர்' என்றுதான் எழுதியிருந்தது. என் நோட்டிலும் அப்படித்தான் எழுதி வைத்திருந்தேன். வாய் வேறு சொல்லியது. 'இவர்தான் கக்கத்துக் குடை மாமா. பெரியதாழையிலிருந்து வந்திருக்கிறார்.'

ஹால் அதிர்ந்தது. பிரகாசியின் அப்பாகூடக் குனிந்து குடையைப் பார்த்துவிட்டுச் சிரித்தார். நல்ல மனிதர்.

கூட்டம் சிரிக்கிற சத்தம் உனக்குத் தெரியுமா? முந்நூறு பேர், இருட்டில், உன் ஒரு வாய்ச்சொல்லுக்கு. கண்ணாடி போட்ட பிள்ளையை அதுவரை யாரும் திரும்பிப் பார்த்ததில்லை. அடுத்த கார்டு, 'தொழில் இல்லாதவனுக்கு என் மகள் கிடையாது.' நான் வாசித்தேன், 'மைக்செட் தூக்குகிறவனுக்கா என் மகளைக் கொடுப்பேன்?' எல்லாரும் புரொஜெக்டர் பக்கம் திரும்பிப் பார்த்துச் சிரித்தார்கள். தனிஸ்லாசும் சிரித்தான். என் பக்கத்தில்தானே இருந்தான், பல் தெரிந்தது. வெறும் கேலி என்று நினைத்தான்.

பிறகு மகள் கடிதம் எழுதுகிற காட்சி. கார்டில் இரண்டே வார்த்தை, 'என் அன்பே.' நான் உப்பு வரியை வாசித்தேன். முழுவதும். நிறுத்தி, நிதானமாக. அதை எப்படி வாசிக்க வேண்டுமோ அப்படி.

அவன் பல் மறைந்தது. என்னைத் திரும்பிப் பார்த்தான். அவனுக்கு அப்போதுதான் ஏதோ புரிந்த மாதிரி இருந்தது. அல்லது ஒன்றுமே புரியவில்லையோ, எனக்குத் தெரியாது. மூன்றாம் வரிசையில் பிரகாசியும் திரும்பினாள். அவள் முகத்தில் புரொஜெக்டர் வெளிச்சம். அங்கேயே நிறுத்தியிருக்கலாம். நிறுத்தியிருந்தால் இன்றைக்கு நான் இந்தப் பஸ்ஸில் டீயைக் குடித்துக்கொண்டு, மகளுக்குப் பார்க்கிற மாப்பிள்ளையைப் பற்றி உன்னிடம் சொல்லிக்கொண்டு வருவேன்.

ரொட்டிக்குள் கடிதத்தை வைக்கிறாள். கார்டு வருகிறது. நான் சொன்னேன், 'மன்றாட்டுப் பெட்டியில் போட்டுவிடு பிரகாசி, மாதா பார்த்துக்கொள்வாள்.'

பெயரையும் சொன்னேன். ஆமாம்.

பின்வரிசை சிரித்தது. முன்வரிசை சிரிக்கவில்லை. சிஸ்டர் கொன்சாகா எழுந்துபோய் விளக்கைப் போட்டார். தனிஸ்லாஸ் எந்திரத்தை நிறுத்த மறந்துவிட்டான். ஹால் முழுக்க வெளிச்சம், சுவரில் படம் வெளிறி ஓடிக்கொண்டே இருக்கிறது. ஏணிக்காரன் போலீஸ்காரனை இடிக்கிறான், இடிக்கிறான், ஒருவரும் பார்க்கவில்லை. எல்லாரும் பிரகாசியின் அப்பாவைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

சிஸ்டர் பெட்டியைக் கொண்டுவரச் சொன்னார். எங்கள் கான்வென்டில் முதன்முறையாக அந்தப் பெட்டியைப் பிரித்தார்கள், ஆபீஸ் அறை மேசையில் கொட்டி. நான், பிரகாசி, அவள் அப்பா, சிஸ்டர். முக்கோணச் சீட்டு கிடைத்தது. பத்தொன்பதாவது. அன்று காலையில் நானே போட்டது. என் கையெழுத்து! நான்தான் மூளைக்காரி ஆயிற்றே. ஊர் கேட்கப் பெட்டியைச் சொன்னவளுக்கு, உள்ளே தன் கையெழுத்து கிடக்கிறது என்று தோன்றவில்லை.

'யார் எழுதியது இது?' என்றார் சிஸ்டர்.

நான் மேசையில் சிதறிக் கிடந்த மற்றச் சீட்டுகளைப் பொறுக்கி அடுக்கினேன். பிரகாசி என்னைப் பார்க்கவே இல்லை. 'நான்தான் சிஸ்டர்,' என்றாள்.

ஐந்து வருஷமாக எங்கள் இரண்டு பேர் நோட்டையும் சிவப்பு மையில் திருத்தியவர் சிஸ்டர். யார் எழுத்து என்று அவருக்குத் தெரியாதா? என்னை ஒரு தடவை பார்த்தார். சீட்டை மடித்து அங்கிப் பையில் போட்டுக்கொண்டார். நான் தமிழில் மாவட்டத்தில் ரேங்க் வாங்க வேண்டிய பிள்ளை. வாங்கவும் செய்தேன். இன்றைக்கும் அந்த ஹால் சுவரில் பலகையில் என் பெயர் இருக்கிறதாம், மெர்லின் போட்டோ எடுத்து அனுப்பினாள். சிஸ்டர் எனக்கு நல்லதுதான் செய்தார் என்று ரொம்ப வருஷம் நினைத்திருந்தேன்.

அப்பா அடிக்கவில்லை. 'வா' என்றார், அவ்வளவுதான். அன்றைக்குச் சாயங்காலமே பெட்டியைக் கட்டச் சொன்னார். பரீட்சைக்கு நாலே மாதம். தை மாதம் மணப்பாட்டில் முறைப்பையன் ஒருவனுக்குக் கட்டிவைத்தார்கள். நர்ஸ் எல்லாம் போயிற்று. இப்போது மாசிக் கருவாடு வியாபாரம் செய்கிறாளாம், நாலு பிள்ளை, ஏழு பேரப்பிள்ளை. தனிஸ்லாசை அவன் பெரியப்பா அடித்துக் கொச்சிக்கு அனுப்பிவிட்டார். அவனும் இப்போது நன்றாகத்தான் இருக்கிறானாம், சொந்தக் கடை. எல்லாரும் நன்றாகத்தான் இருக்கிறார்கள். அதைத்தான் எனக்கு நானே சொல்லிக்கொண்டு வருகிறேன், முப்பத்தாறு வருஷமாக.

மறுபடி போன். எடுக்கப் போவதில்லை. அப்பளம் எங்கே என்று கேட்பார்.

எட்டயபுரம் தாண்டிவிட்டோமா? அவ்வளவு வேகமாகவா போகிறான். மெதுவாகப் போகச் சொல்ல முடியாதா இவனை.

இல்லை, கதை முடியவில்லை. நான் சொன்னதில் ஒன்று விட்டுவிட்டேன். எங்கள் வீட்டில் யாருக்கும் தெரியாது. பாவசங்கீர்த்தனத்தில் சாமியாரிடம்கூடச் சுற்றிவளைத்துத்தான் சொன்னேன். உன்னிடம் சொல்லலாம், நீ யாரோ, இறங்கினால் போய்விடுவாய்.

அன்று காலை ஐந்தரைக்கு நான் பெட்டியில் சீட்டைப் போட்டேன் என்றேன் அல்லவா. போடும்போது உள்ளே ஒன்று இருந்தது, அவனுடையது. எடுத்தேன். பிரித்தேன். எப்போதும் பிரிப்பேன், பதில் எழுதுவது நான்தானே. நாலே வரி. 'வருகிற ஞாயிறு பூசை முடிந்து பெரியப்பாவையும் பங்குச் சாமியாரையும் கூட்டிக்கொண்டு பெரியதாழைக்கு வருகிறேன். உன் அப்பாவிடம் நேராகப் பேசிவிடுகிறேன். அவர் படிக்க வைக்கிறவரைக்கும் காத்திருப்பேன். இனிமேல் நாம் எழுதிக்கொள்ள வேண்டாம்.'

'வேண்டாம்' என்பதில் டண்ணகரத்துக்கு மூன்று சுழிக்குப் பதில் இரண்டு சுழி போட்டிருந்தான். அந்தக் கடைசி வரியைப் பார்க்கப் பார்க்க எனக்கு எரிச்சலாக வந்தது. எழுத்துப் பிழை கண்டால் எனக்கு எப்போதுமே அப்படித்தான்.

அதைப் பிரகாசியிடம் கொடுக்கவில்லை. மத்தியானம் கொடுக்கலாம் என்று நினைத்தேன். பிரியாணிக்குப் பிறகு கொடுக்கலாம் என்று நினைத்தேன். படம் முடியட்டும் என்று நினைத்தேன். என் சட்டைக்குள் வைத்துக்கொண்டுதான் மைக்கைப் பிடித்தேன்.

சாயங்காலம் அவள் பெட்டி கட்டும்போது உதவப் போனேன். உதவப் போனேன் என்று சொல்ல எனக்கே கூசுகிறது. என்னைத் திட்டவில்லை அவள். ஒரு வார்த்தை கேட்கவில்லை, ஏன் இப்படிச் செய்தாய் என்று. விளையாட்டு மிஞ்சிப் போயிற்று என்று நினைத்துக்கொண்டாள், என்னை அவ்வளவு நல்லவள் என்று. கீழே அப்பா நிற்கிறார். அவள் ட்ரங்குப் பெட்டியின் கொண்டியைப் போட்டுவிட்டு, நிமிர்ந்து ஒன்றே ஒன்று கேட்டாள்.

'ஏட்டி, அவரு ஏதும் எழுதிப் போட்டிருந்தாரா? இன்னைக்குக் காலையில?'

'இல்லை' என்றேன்.

'சரி' என்றாள். 'அப்ப அவருக்கு விளையாட்டுத்தான் போல.' பெட்டியைத் தூக்கிக்கொண்டு இறங்கிவிட்டாள்.

ஒரே ஒரு வார்த்தை. 'இல்லை.' கூட்டத்தில் சிரிக்கவைத்ததைக்கூடச் சின்னப் பிள்ளைத்தனம் என்று சொல்லிக்கொள்ளலாம். கூட்டம் இல்லாதபோது, அவளும் நானும் மட்டும் நிற்கும்போது, சொன்ன அந்த இல்லைக்கு நான் என்ன சொல்லிக்கொள்வது? ஒரு கடிதம் கையில் இருந்திருந்தால் அந்த அப்பாவிடம் காட்டியிருப்பாள். நல்ல மனிதர், கேட்டிருப்பார். மைக்செட்காரன் ஞாயிற்றுக்கிழமை சாமியாரோடு வரவிருந்தான் என்று தெரிந்தால், குடையைக் கீழே வைத்துவிட்டு யோசித்திருப்பார். கேட்காமலும் போயிருக்கலாம், இல்லை என்கவில்லை. ஆனால் தன்னை ஒருத்தன் விளையாட்டுக்கு வைத்திருந்தான் என்று நினைத்துக்கொண்டு அவள் கழுத்தை நீட்டியிருக்க மாட்டாள்.

கடிதம் எங்கே என்கிறாய். இந்தப் பையை ஏன் மேலே வைக்கவில்லை என்று நினைத்தாய்?

கிழிக்கத்தான் நினைத்தேன். கல்யாணத்துக்கு முந்தின நாள் நினைத்தேன். வீடு மாறும்போதெல்லாம் நினைத்தேன். ஜெபப் புத்தகத்துக்குள்ளேயே கிடந்தது. அவளுக்கு வந்த கடிதம் என்பதால்தான் வைத்திருந்தேன். வேறு எதற்கு?

ஏன் அப்படிப் பார்க்கிறாய்?

சரி. அவன் எனக்கு எழுதியது என்று இரண்டொரு தடவை நினைத்துப் பார்த்ததுண்டு. இரண்டொரு தடவைதான்.

யார் இப்போது? புது நம்பராக இருக்கிறது. ஹலோ. ஆமாம், ஹில்டாதான். யார்... 

கேட்டாயா? உனக்கும் கேட்டிருக்கும். அவளுக்கு அன்றைக்கும் மைக் தேவைப்பட்டதில்லை. 'நாந்தாம்ட்டி பிரகாசி! எங்க வந்துட்டிருக்க? பழைய பஸ் ஸ்டாண்டுலதான் நிக்கேன், மெர்லின்ட்ட நம்பர் வாங்கினேன். ஆட்டோ பிடிச்சு வச்சிருக்கேன், சேந்து போயிருவோம். உனக்கு மாசி கொண்டாந்திருக்கேன். இன்னைக்கு ஒழுங்கா முழுசையும் வாசிச்சிரணும் என்ன? அன்னைக்கு அப்பா பாதியில இழுத்துட்டுப் போயிட்டாரு. அந்த ரொட்டிக்காரன் பிள்ளை கடைசில என்னாச்சுன்னு இன்னைக்கு வரைக்கும் எனக்குத் தெரியாது பாத்துக்க. பேரப்பிள்ளைகளுக்குப் பாதிக் கதைதான் சொல்லியிருக்கேன்.'

அதற்குத்தான் சிரிப்புப் பொம்மை போட்டிருக்கிறாள். நான் என்னென்னவோ நினைத்து ஒரு மாதமாகத் தூங்கவில்லை.

முடிவு அந்த ஹாலில் இரண்டு பேருக்குத்தான் தெரியும், எனக்கும் புரொஜெக்டர் ஓட்டியவனுக்கும். அப்பன்காரன் துரத்திக்கொண்டு வந்து மாவுத் தொட்டிக்குள் விழுவான். பையன் ஓடிப் போகலாம். ஓட மாட்டான். திரும்பி வந்து, பாவாடையோடு நின்று, அவனைக் கைகொடுத்துத் தூக்கிவிட்டு, நேராகப் பெண் கேட்பான். அப்பன்காரன் முகமெல்லாம் மாவு, கொஞ்ச நேரம் முறைப்பான், அப்புறம் சிரித்துவிடுவான். கடைசிக் கார்டில் மூன்றே வார்த்தை, 'முதலிலேயே கேட்டிருக்கலாமே.' 

இதை நான் மைக்கில், அவள் முன்னால் வாசிக்க வேண்டும்.

குறுக்குச்சாலை தாண்டியாகிவிட்டது. உப்பளம் தெரிகிறது பார், வெள்ளை வெள்ளையாக. அந்தப் பக்கம் பார்க்காதே, இங்கே என் பையைப் பிடி. ஜெபப் புத்தகத்தை எடுக்க வேண்டும். கடிதத்தை ஹாலுக்குப் போய்க் கொடுக்கலாம் என்று நினைத்தால், படம் முடியட்டும் என்று நினைப்பேன். படம் முடிந்தால் காபி முடியட்டும் என்பேன். என்னை எனக்குத் தெரியும். பைக்குள் இருந்தால் எடுக்க மாட்டேன். கையிலேயே வைத்துக்கொள்கிறேன்.

இவ்வளவு சின்னதாகவா இருந்தது இது.

அதோ, ஆட்டோவுக்குப் பக்கத்தில் நிற்கிறாளே, பச்சைச் சேலை, தலை முழுக்க நரைத்து. வானத்தில் ஒரு பொட்டு மேகம் இல்லை, கக்கத்தில் குடை. அப்பன் குடையேதான். வேறு யாராக இருக்கும். ஒவ்வொரு ஜன்னலாகப் பார்த்துக்கொண்டு வருகிறாள் பார், சிரித்துக்கொண்டு.

நீ முதலில் இறங்கு. இல்லை, வேண்டாம், நீ பின்னால் வா. நான் படியில் நின்றுவிட்டேன் என்றால் யோசிக்காதே. தள்ளிவிடு.